ரெஜினா சேர்த்து வைத்த கோபம்

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை. ரெஜினா சர்ச்சிலிருந்து வந்து புடவைகூட மாற்றவில்லை, அதற்குள் வாசலில் ஒருவர். முப்பது வயதுக்குள் இருக்கும். தோளில் லேப்டாப் பை, முகத்தில் சிரிப்பு. என் மனைவியின் கோபத்தைக் கேட்டு வந்திருந்தார்.

தப்பாக நினைக்காதீர்கள். அவளுடைய சொந்தக் கோபத்தை அல்ல. அது வேண்டுமென்றால் என்னிடம் நிறைய ஸ்டாக் இருக்கிறது, நானே அள்ளிக் கொடுத்திருப்பேன். அவர் கேட்டது ரெஜினா பல வருடங்களாகச் சேர்த்து வைத்திருக்கும் பிறத்தியாருடைய கோபத்தை.

இந்தப் பத்தித் தொடரைப் புதிதாகப் படிப்பவர்களுக்காகச் சொல்லிவிடுகிறேன். ரெஜினா சமூகவியல் பேராசிரியை. போன வருடம்தான் ரிட்டயர் ஆனாள். வேலைக்காலம் முழுக்க அவள் ஆராய்ந்தது ஒரே விஷயம்தான் — உணர்ச்சிக்கும் அதிகாரத்துக்கும் என்ன சம்பந்தம்? யார் கோபப்படலாம், யார் கோபத்தை விழுங்க வேண்டும்? யார் நாலு பேர் முன்னால் அழலாம், யார் குழாயைத் திறந்துவிட்டு பாத்ரூமுக்குள் அழ வேண்டும்?

முதலாளிக்கு வந்தால் அது கோபம். தொழிலாளிக்கு வந்தால் திமிர். மாமனாருக்கு வந்தால் மனவருத்தம். மருமகளுக்கு வந்தால் வாய்க்கொழுப்பு. உள்ளே கொதிப்பது ஒன்றுதான், ஆளுக்குத் தகுந்தாற்போல் பெயர் மாறுகிறது... இதைத்தான் அவள் ஊர் ஊராகப் போய், வீடு வீடாக ஏறி இறங்கி, எழுதிக்கொண்டே இருந்தாள்.

இப்படி ஒருத்தியோடு குடும்பம் நடத்துவது லேசு என்று நினைக்கிறீர்களா?

ஆபீஸிலிருந்து வந்ததும் காபி ஆறிப்போயிருக்கிறது என்று ஒரு சத்தம் போடுவேன். பதிலுக்கு அவள் கத்தியிருந்தால் சமாளித்திருப்பேன். அவளோ நிதானமாகக் கேட்பாள், “இது யாருக்குப் போக வேண்டிய கோபம்? உங்க மேனேஜருக்கா?” பெரும்பாலும் மேனேஜருக்குத்தான் இருக்கும். அதற்கப்புறம் ஆறின காபியைக் குடிப்பதைத் தவிர வேறு வழி?

இத்தனை வருடமாகியும் அவள் என்னை ‘நீங்க’ என்கிறாள், நான் அவளை ‘நீ’ என்கிறேன். இதை வைத்தும் ஒரு கட்டுரை எழுதியிருக்கிறாள். எங்கள் பெயரைப் போடவில்லை, அந்த மட்டும் புண்ணியம்.

சரி, வந்தவருக்கு வருவோம். பெயர் நவீன். ஓசூர்க்காரர், இங்கே எலெக்ட்ரானிக் சிட்டியில் ஒரு சாஃப்ட்வேர் கம்பெனியில் வேலை. கால் சென்டர்களுக்காக ஒரு மெஷின் செய்கிறார்களாம். ஊழியர் போனில் பேசும்போது அது கூடவே கேட்டுக்கொண்டிருக்கும். குரலில் கோபம் ஏறினால் உடனே சூப்பர்வைசரின் ஸ்கிரீனுக்குத் தகவல் போய்விடும்.

“ஆனா அதுக்குக் கோபம்னா என்னன்னு கத்துக் கொடுக்கணும் மேடம். ஆக்டர்ஸ் வெச்சுக் கத்த வெச்சோம். ஒண்ணும் சரியா வரல. உங்க ஆர்ட்டிகிள்ல ஒரு அடிக்குறிப்பு பாத்தேன். அடுகோடி கார்மென்ட்ஸ் பெண்கள் திட்டினதெல்லாம் கேசட்டா வெச்சிருக்கீங்களாமே? நிஜமான கோபம். தமிழ், கன்னடம் ரெண்டும் கலந்து. எங்களுக்கு அது தங்கம் மேடம்.”

ரெஜினா எழுந்து போய் அலமாரியைத் திறந்தாள். பிஸ்கட் டின்களில் கேசட்டுகள். ஒன்றை எடுத்து வெளிச்சத்தில் பிடித்தாள். உள்ளே வெள்ளையாகப் பூஞ்சணம் பிடித்திருந்தது.

“நாங்களே க்ளீன் பண்ணி, டிஜிட்டைஸ் பண்ணி, உங்களுக்கும் ஒரு காப்பி தந்துடறோம்” என்றார் நவீன்.

அவள் முகத்தைப் பார்த்தேன். ரிட்டயர் ஆன அன்றைக்கு இதே கேசட்டுகளை எடுத்துக்கொள்ளச் சொல்லி டிபார்ட்மென்ட்டில் கெஞ்சினாள். இடம் இல்லை என்று சொல்லிவிட்டார்கள். ஒரு வாழ்நாள் வேலை பிஸ்கட் டின்னில் மக்கிக்கொண்டிருக்கிறது. இப்போது முதல் தடவையாக ஒருவர் வீடு தேடி வந்து கேட்கிறார். கொடுத்தால் அந்தக் குரல்கள் பிழைக்கும், ஆனால் ஒரு சூப்பர்வைசரின் கைக்குப் போய்ச் சேரும். கொடுக்காவிட்டால் அடுத்த மழைக்காலத்தைத் தாண்டாது.

“யோசிச்சுச் சொல்றேன்” என்றாள்.

அன்றைக்கு மத்தியானம் எனக்குத் தூக்கம் வரவில்லை. அந்தக் கேசட்டுகள் எனக்கும் கொஞ்சம் சொந்தம். அவை பதிவானது என் அப்பாவின் ஒர்க்‌ஷாப் வாசலில்.

அடுகோடியில் அப்பாவுக்கு ஒரு சின்ன லேத் பட்டறை இருந்தது. பின்னால் வீடு, முன்னால் பட்டறை, அதற்கும் முன்னால் ஒரு தகரக் கொட்டகை. சாயங்காலம் மெஷினை நிறுத்திவிட்டு அப்பா கை கழுவும் நேரத்தில் கார்மென்ட்ஸ் பெண்கள் பஸ்ஸிலிருந்து இறங்குவார்கள். ஓசூர் ரோடு பக்கத்து ஃபாக்டரிகளில் வேலை, எங்கள் தெருவில் வரிசை வீடுகளில் வாடகை. நேரே வீட்டுக்குப் போக மாட்டார்கள். எங்கள் கொட்டகையில் கொஞ்ச நேரம் நிற்பார்கள். அங்கே ஒரு ஆட்டம் நடக்கும். அதற்கு அவர்கள் வைத்த பெயர் ‘பைசல்’, அதாவது அன்றைய கணக்கை அன்றைக்கே தீர்ப்பது.

ஒருத்தி கழுத்தில் இஞ்ச் டேப்பை மாலை மாதிரி போட்டுக்கொண்டு நடுவில் நிற்க வேண்டும். அவள்தான் சூப்பர்வைசர். அன்றைக்கு ஃபாக்டரியில் திட்டு வாங்கினவர்கள் ஒவ்வொருத்தியாக அவள் முன்னால் வந்து, அங்கே சொல்ல முடியாததையெல்லாம் இங்கே சொல்வார்கள். சூப்பர்வைசர் வாயே திறக்கக் கூடாது. எல்லோரும் முடித்ததும் இஞ்ச் டேப்பைக் கழற்றி, உதறி, சுருட்டி வைத்துவிட்டு வீட்டுக்குப் போவார்கள். இன்றைக்குத் திட்டினவள் நாளைக்கு டேப் போட்டுக்கொண்டு நிற்க வேண்டும். அதுதான் சட்டம்.

எனக்கு அப்போது இன்ஷூரன்ஸ் ஆபீஸில் புதிதாக வேலை கிடைத்திருந்தது. ஒரு நாள் வந்து பார்க்கிறேன்... கொட்டகை நடுவில் புதிதாக ஒரு பெண், காட்டன் புடவை, கண்ணாடி, கழுத்தில் இஞ்ச் டேப். முக்காலியில் ஒரு டேப் ரெக்கார்டர் ஓடிக்கொண்டிருக்கிறது. எதிரே கமலா.

கமலாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். இருபது வயசு இருக்கும். கைக்குழந்தை ஒன்று. புருஷன் தனபால் ஆட்டோ ஓட்டினார். தெருவில் அவள் குரலை யாரும் கேட்டதே கிடையாது, அவ்வளவு சாது. அந்தக் கமலா, அந்தப் புதுப் பெண்ணைப் பார்த்து வாங்கு வாங்கு என்று வாங்கிக்கொண்டிருந்தாள்.

ஜீவனஹள்ளியிலிருந்து ஆராய்ச்சிக்காக வந்த ரெஜினா அவள்தான். புதிதாக வருகிறவள்தான் முதலில் இஞ்ச் டேப் போட வேண்டும் என்று நிற்க வைத்துவிட்டார்கள். எல்லாம் முடிந்ததும் நான் ஒரு சோடா வாங்கிக் கொடுத்தேன். ஒரே மூச்சில் குடித்தாள்.

“ஏங்க, நீங்க திருப்பி ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே?”

“சொன்னா ஆட்டம் கெட்டுடும்” என்றாள். “என்னை இல்லைன்னு தெரியும். ஆனா காது சுடுது பாருங்க.”

அந்தக் காதைப் பார்த்தேன். உண்மையிலேயே சிவந்துதான் இருந்தது. அன்றைக்கு விழுந்தவன்தான், இன்னும் எழுந்திருக்கவில்லை.

அவள் தினம் வர ஆரம்பித்தாள். நானும் ஆபீஸிலிருந்து சீக்கிரம் வர ஆரம்பித்தேன். ஒரு நாள் வீரமாக, “நான் வேணா சூப்பர்வைசரா நிக்கறேன்” என்றேன். கமலா தலையைக் குனிந்துகொண்டே சொன்னாள், “ஆம்பளைங்க வேணாண்ணா. அப்புறம் நிஜமாயிடும்.”

என்ன நாட்கள் அவை... ரெக்கார்டருக்கு பேட்டரி வாங்கித் தருவதுதான் என் காதல். தெருக்கோடி கடையில் மசால் வடை. பட்டறை எண்ணெய் வாசனை. அப்பா உள்ளேயிருந்து, “இந்தப் பொண்ணு படிச்சுட்டு எதுக்குடா தினம் வந்து திட்டு வாங்குது?” என்று கேட்பார். எனக்கு வாய் நிறையச் சிரிப்பு வரும். இப்போது அந்த இடத்தில் பிரியாணிக் கடை இருக்கிறது. பஸ்ஸில் தாண்டும்போதெல்லாம் என் கண் தானாக அந்தப் பக்கம் திரும்பிவிடும்.

ரெஜினா முதலில் என்ன நினைத்தாள் தெரியுமா? இது ஏதோ கேலி, பொழுதுபோக்கு என்று. அப்படியே முதல் கட்டுரையிலும் எழுதிவிட்டாள். பிறகு ஒரு நாள் கமலாவிடம், “வீட்டுக்குப் போய்ப் படுக்காம இதுக்காக ஏன் நிக்கறீங்க?” என்று கேட்டாள்.

“சும்னே போனா பேஜாருக்கா” என்றாள் கமலா, பாதி கன்னடத்தில். சும்மா அப்படியே போனால் மனசு கசக்குமாம். “அங்க வாங்கினத வீட்டுக்கு எடுத்துனு போனா கொழந்தைங்கதான் அடி வாங்கும். அதான் இங்கயே எறக்கிட்டுப் போயிடறது.”

அன்றைக்கு ராத்திரி பஸ் ஏற்றிவிடப் போனபோது ரெஜினா இரண்டு பஸ்ஸைக் கோட்டை விட்டாள். கோபம் எப்போதும் மேலிருந்து கீழே இறங்கும் என்பதுதான் அவள் படித்திருந்தது. முதலாளி மேனேஜரைத் திட்டுவான், மேனேஜர் குமாஸ்தாவை, குமாஸ்தா பெண்டாட்டியை, பெண்டாட்டி பிள்ளையை. இந்தப் பெண்கள் நடுவழியில், ஒரு தகரக் கொட்டகையில், அதைக் கை நீட்டி நிறுத்திவிட்டார்கள். அதுதான் பிறகு அவளுடைய புத்தகம். அவளுடைய வாழ்க்கை.

புத்தகம் வந்து பெரிய பெயர் எல்லாம் கிடைக்கவில்லை. “உணர்ச்சியெல்லாம் சைக்காலஜிக்காரங்க பாத்துப்பாங்க” என்று சக பேராசிரியர்கள் சிரித்தார்கள். “அழுகையை எப்படிம்மா அளப்பீங்க?” என்று ஒரு செமினாரில் ஒருவர் கேட்டார். “அழுகையை அளக்கல சார், யார் முன்னாடி அழ முடியலைன்னு பாக்கறேன்” என்றாள். ஹாலில் எல்லோரும் சிரித்தார்கள். அவள் வீட்டுக்கு வந்துதான் அழுதாள், என் முன்னால். அதில் எனக்கு இன்றைக்கும் ஒரு பெருமை உண்டு.

இப்போது புரிகிறதா, நான் ஏன் கொடுத்துவிடு என்று சொன்னேன் என்று?

“கொடுத்துடு ரெஜினா. இதை விட்டா யாரும் கேக்கப் போறதில்ல.”

“என் குரலா அது, நான் கொடுக்கறதுக்கு?” என்றாள். “கமலாவைக் கேக்கணும்.”

கமலா இப்போது சந்தாபுராவில் இருக்கிறாள். ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் எங்கள் வீட்டு கேக் அங்கே போகும், ஆனால் நாங்கள் போய் வெகுகாலம். பழைய ரெக்கார்டரைப் பையில் போட்டுக்கொண்டு பஸ் ஏறினோம்.

கதவைத் திறந்தவர் தனபால். ஆட்டோவை விட்டாயிற்று, தலை நரைத்துவிட்டது. எங்களைப் பார்த்ததும் அவருக்குத் தலைகால் புரியவில்லை. மனைவியைப் பற்றி ஒரே புகழாரம்.

“கமலாவுக்குக் கோவமே வராதுங்க. இத்தன வருசத்துல ஒரு வார்த்த எதுத்துப் பேசினது கெடையாது.”

கமலா தரையைப் பார்த்துச் சிரித்தாள். அவர் பலகாரம் வாங்கிவரக் கடைக்குக் கிளம்பினார். அவர் செருப்புச் சத்தம் தெருமுனையைத் தாண்டியதும் ரெஜினா கேசட்டைப் போட்டாள்.

கரகரவென்று கொஞ்ச நேரம். அப்புறம் கமலாவின் குரல், இருபது வயதுக் குரல்:

“இன்னா சார், மனுசிதான நானு? பாத்ரூம் போறதுக்கு உன்கிட்ட கை கட்டி நிக்கணுமா? என் வவுத்துக்குத் தெரியுமாய்யா உன் டார்கெட்டு? துணியத் தூக்கி மூஞ்சில வீசினியே... அதுல ஒரு தையல்தான்யா கோணல். மீதியெல்லாம் நேரா இருந்துச்சே, அத ஒரு நாளாச்சும் பாத்தியா நீ?”

அதோடு ரெக்கார்டர் மக்கர் செய்து நின்றுவிட்டது. தட்டிப் பார்த்தேன், ஓடவில்லை.

கமலா வாயைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். சிரிக்கிறாளா, அழுகிறாளா என்று எனக்குத் தெரியவில்லை. ரெஜினாவுக்குத் தெரிந்திருக்கும்.

“நானாக்கா இது? இவ்ளோ கோவமா இருந்தேன்?”

“இருந்தே கமலா.”

ரெஜினா எல்லாவற்றையும் சொன்னாள். மெஷின், கால் சென்டர், சூப்பர்வைசர் ஸ்கிரீன், ஒன்றையும் மறைக்கவில்லை. வேண்டாம் என்று கமலா சொல்லிவிடுவாள் என்றுதான் அவள் எதிர்பார்த்தாள். சொல்லப்போனால், அதற்காகத்தான் வந்திருந்தாள்.

“குடுத்துடுங்கக்கா” என்றாள் கமலா.

“யோசிச்சுச் சொல்லு.”

“யோசிக்க இன்னாக்கா இருக்குது? அன்னிக்கு நாங்க அவ்ளோ திட்டினோம், ஒருத்தன் காதுலயும் வுழல. நீங்க ஒருத்திதான் கேட்டீங்க. மெசினாச்சும் கேக்கட்டுமே.”

திரும்பி வரும்போது ஜன்னலோரம் உட்கார்ந்து ரெஜினா வெளியே பார்த்துக்கொண்டே வந்தாள். எலெக்ட்ரானிக் சிட்டி ஃப்ளைஓவர் முழுக்க அப்படித்தான். நான் ஜெயித்த மாதிரி இருந்தது, ஆனால் சந்தோஷமாக இல்லை. மெஷின் கேட்கும், சரி. யாருக்காகக் கேட்கும்?

வீட்டுக்கு வந்ததும் நவீனுக்குப் போன் போட்டாள்.

“கேசட்டைத் தரேன் நவீன். ஒரே ஒரு கண்டிஷன். அந்த ஆட்டத்துல ஒரு சட்டம் உண்டு. எல்லாரும் முறை வெச்சு நடுவுல நிக்கணும். உங்க மெஷினை முதல்ல உங்க டைரக்டர்ஸ் மீட்டிங் ரூம்ல வைங்க. அவங்க கோபம் ஏறினா உங்க ஸ்கிரீனுக்குத் தகவல் வரட்டும். அப்புறம் கால் சென்டர்ல வெக்கலாம்.”

கேட்டுச் சொல்கிறேன் என்றார் நவீன். கேட்டுச் சொன்னார், அதைப் பாராட்ட வேண்டும்.

“ஸாரி மேடம். லீடர்ஷிப் மீட்டிங்லாம் கான்ஃபிடென்ஷியலாம். லீகல்ல ஒத்துக்க மாட்டேங்கறாங்க.”

“அப்போ இதுவும் கான்ஃபிடென்ஷியல்தான் நவீன்.”

கீழே இருக்கிறவர்களின் கோபம் டேட்டா. மேலே இருக்கிறவர்களின் கோபம் பிரைவசி. ரிட்டயர் ஆனதற்கு அப்புறமும் ரெஜினாவுக்கு ஒரு கட்டுரைக்கு விஷயம் கிடைத்துவிட்டது.

கமலாவுக்கும் போன் செய்து சொன்னாள். “அவங்க மட்டும் நடுவுல நிக்க மாட்டாங்களாமா?” என்று கேட்டாள் கமலா. “அப்ப வேணாக்கா. அது நம்ம ஆட்டம் இல்ல.”

அவ்வளவுதான், கேசட்டுகள் பூஞ்சணத்துக்கே என்று நான் மனதைத் தேற்றிக்கொண்டேன். சில நாள் கழித்து வாசலில் மறுபடியும் நவீன். இந்தத் தடவை சிரிப்பு இல்லை. கையில் ஒரு கேசட் டெக், துடைக்கிற பஞ்சு, ஏதோ ஒரு மருந்து பாட்டில்.

“இது ஆபீஸ் இல்ல மேடம், என்னோடது. பழைய பாட்டு கேசட்டெல்லாம் இப்படித்தான் சரி பண்ணுவேன். பண்ணித் தரட்டுமா?”

“ஏன் நவீன்?”

அவர் பஞ்சைக் கையில் உருட்டினார். “இந்த கண்டிஷனை நான்தான் மீட்டிங்ல போய்ச் சொன்னேன். எல்லார் முன்னாடியும் கிழிச்சுட்டாங்க மேடம்.”

“யார்கிட்ட சொன்னீங்க அதை?”

“யார்கிட்டயும் சொல்லல.”

ரெஜினா அவரை உட்கார வைத்து, எதிரே நாற்காலியைப் போட்டுக்கொண்டு, வாயைத் திறக்காமல் கேட்டாள். நான் காபி போடச் சமையலறைக்குப் போய்விட்டேன். திரும்பி வந்தபோது நவீனின் முகம் தெளிந்திருந்தது. ரெஜினாவின் காது கொஞ்சம் சிவந்திருந்தது.

எல்லாக் கேசட்டும் பிழைக்கவில்லை. பிழைத்தவற்றை அந்தந்தப் பெண்களைத் தேடிப் பிடித்து, அவரவர் குரலை அவரவர் போனுக்கே அனுப்பிக்கொண்டிருக்கிறாள் ரெஜினா. முதலில் போனது கமலாவுக்கு, முழுதாக.

நேற்றுக் காலையில் கமலாவிடமிருந்து போன். ரெஜினா ஸ்பீக்கரில் போட்டாள்.

“அக்கா, அன்னிக்கு பாதியில நின்னுச்சே, அதுக்கு மேலயும் இருக்குதுக்கா. எனக்கே ஞாபகம் இல்ல. சூப்பர்வைசர முடிச்சிட்டு, வூட்டுல இருக்கறவரயும் சேத்து வாங்கியிருக்கேன். குடிச்ச டம்ளர குடிச்ச எடத்துலயே வெச்சிட்டுப் போறாருன்னு... இன்னும் என்னென்னமோ. நான் போட்டுக் கேட்டுனு இருந்தேன், அவரு பின்னால நிக்கறாரு.”

“என்ன சொன்னார்?”

“திரும்பப் போடுன்னாரு. நின்னுக்கிட்டே முழுசும் கேட்டாரு, நடுவுல ஒரு வார்த்த பேசல. அப்புறம் போயி அவரு டம்ளர அவரே கழுவி வெச்சாரு.”

“கோபமா இருக்காரா?” தொழில் புத்தி, ரெஜினாவை விடுமா?

“தெரியலக்கா. இன்னிக்கும் கழுவினாரு.”

ரெஜினா போனை வைத்துவிட்டு, கண்ணைத் துடைத்துக்கொண்டு, அடுத்த கேசட்டை எடுத்தாள்.

கமலா முதலிய பெண்களெல்லாம் முறை வைத்துத் திட்டினார்கள் என்றால், எங்கள் கல்யாணத்துக்குப் பிறகும் அங்கே போய்வந்த ரெஜினாவுக்கும் திட்டுகிற முறை வந்திருக்குமே... அந்தக் கேசட் எந்த டின்னில் இருக்கிறது என்று கேட்க எனக்கு இன்னும் தைரியம் வரவில்லை.